விலகி நின்ற கோல்கீப்பர்

கத்பெர்ட் ஐலிங்குக்குப் புதிதாக எதுவுமே கிடைத்ததில்லை. சட்டை, பூட்ஸ், பள்ளிக்கூடப் பை, கடைசியில் கோல்கீப்பர் இடம்கூட, எல்லாமே அண்ணன் ரோலண்ட் போட்டுத் தேய்த்துக் கழித்தவை. அதைப் பற்றி அவன் யாரிடமும் குறைப்பட்டுக்கொண்டதில்லை. குறைப்பட்டிருந்தாலும் யார் காது கொடுத்திருக்கப் போகிறார்கள்? எங்கள் ஹோல்மர்ஷில் ஐலிங் என்றால் ரோலண்ட்தான்.

பிள்ளைகள் சின்னவர்களாக இருக்கும்போதே அப்பா போய்ச் சேர்ந்துவிட்டார். சந்தைத் திடலின் மூலையில், ஜன்னலில் சிவப்பும் பச்சையுமாகக் கலர்த் தண்ணீர் ஜாடி வைத்த மருந்துக்கடையை அம்மா ஹெஸ்டர்தான் கட்டிக் காத்தாள். பிள்ளைகள் தலையெடுத்த பிறகு ரோலண்ட் முன்னால் நின்று வந்தவர்களைச் சிரிக்கவைப்பான், கத்பெர்ட் உள்ளறையில் பொடி நிறுப்பான். கடை ஓடியது இருவராலும். பேர் ஒருவனுக்கு.

இங்கிலாந்தில் எட்வர்டு மன்னர் காலம் அது. ஹோல்மர்ஷ் வாண்டரர்ஸ் கனவான்களின் கால்பந்து அணி. உதவிப் பாதிரியார் ஆப்ரி ஃபென்னிமோர் கேப்டன். ஒரு வக்கீல், ஒரு டாக்டர், பாங்க் மானேஜரின் மகன், இப்படிக் காலரில் கஞ்சி போட்ட ஆட்களாகவே சேர்ந்த கூட்டம். காசுக்கு ஆடுகிறவர்களைப் பற்றிப் பேச்சு வந்தால் மூக்கைச் சுளிப்பார்கள். ரயில் டிக்கெட்டுகூட அவரவர் கைக்காசில்தான்.

அந்த அணிக்கு ஒரு வழக்கம் உண்டு. தங்கள் கோலுக்கு எதிராகப் பெனால்டி கொடுக்கப்பட்டால், கோல்கீப்பர் கோல் கம்பத்தருகே போய்க் கைகட்டி நிற்க வேண்டும். கோல் காலியாகக் கிடக்கும். எதிராளி நிதானமாக உதைத்துப் போட்டுக்கொள்ளலாம். கனவான் தெரிந்து தப்பு செய்வதில்லை, தெரியாமல் செய்துவிட்டால் எதிராளிக்குச் சேர வேண்டியதைத் தடுக்கக் கூடாது என்பது அதற்கு அர்த்தம். சுற்றுவட்டாரத்தில் இந்தப் பெருந்தன்மையைப் பார்த்து உருகியவர்களும் உண்டு, வயிறு குலுங்கச் சிரித்தவர்களும் உண்டு.

ரோலண்ட் உருகவில்லை. பெனால்டி நடந்த சனிக்கிழமைகளில் சாப்பாட்டு மேஜையில் அவன் முகம் தொங்கிப்போயிருக்கும்.

"இடது பக்கம்தான் அடிக்கப் போறான்னு அவன் தோளைப் பாத்தாலே தெரியுது. நான் கையக் கட்டிக்கிட்டு சர்ச் கோபுரத்த வேடிக்கை பாத்துக்கிட்டு நிக்கறேன். ஒரே ஒரு தடவை புடிக்க விடக்கூடாதா?"

"அதான் வழக்கமாச்சே," என்பான் கத்பெர்ட்.

"ஒனக்கென்னடா, நீ பொறந்ததுலேருந்து ஓரமாத்தான் நிக்கற."

அம்மா சிரித்துவிடுவாள். ரோலண்ட் சொன்னால் அவளுக்கு எல்லாமே வேடிக்கைதான்.

அந்த ரோலண்ட் ஒரு மார்ச் மாதத்தில் செத்துப்போனான். ரயில்வே பட்டறை அணியோடு ஆட்டம். உருண்டு வந்த பந்தின் மேல் பாய்ந்து விழுந்தான். பாய்ந்து வந்த முன்கள ஆட்டக்காரன் ஏமஸ் பிரண்டிலின் முழங்கால் வயிற்றில் இறங்கியது. அந்தக் காலத்தில் கோல்கீப்பர் மேல் மோதுவது சட்டப்படி சரி. நடுவர் ஊதக்கூட இல்லை. ரோலண்ட் எழுந்து, மண்ணைத் தட்டி, ஆட்டத்தை முடித்துவிட்டு நடந்துதான் வீட்டுக்கு வந்தான். அந்த வாரம் தாண்டவில்லை. சவ அடக்கத்துக்கு ஏமஸ் வந்தான், கல்லறைத் தோட்டத்து வாசலிலேயே தொப்பியைக் கசக்கிக்கொண்டு அழுதான், உள்ளே வரவில்லை.

கோடை கழிந்ததும் ஃபென்னிமோர் கடைக்கு வந்தார். இடம் காலியாக இருக்கிறது என்றார். அம்மா கத்தித் தீர்ப்பாள் என்று கத்பெர்ட் எதிர்பார்த்தான். அவள் அலமாரியைத் திறந்து ரோலண்டின் ஆட்டச் சட்டையை எடுத்து நீட்டினாள்.

"சும்மாத்தானே கெடக்கு," என்றாள்.

சட்டை தோளில் தொளதொளத்தது. ஆட்டமும் அப்படித்தான். கத்பெர்ட் மோசமான கோல்கீப்பர் இல்லை. நேராக வருவதைப் பிடிப்பான், உயரத்தில் வருவதைத் தட்டுவான், எட்டாததை விடுவான். எட்டாததை எட்டியவனைப் பார்த்துப் பழகிய ஊர் அது.

"தம்பி ஐலிங், ஒங்க அண்ணன்னா அத ஒரு கையில புடிச்சிட்டு மறு கையில மூக்கச் சொறிஞ்சிருப்பாரு," என்று வேலி ஓரத்திலிருந்து சத்தம் போடுவார் கசாப்புக்காரர் கேதர்கோல். சொல்லிவிட்டு திங்கட்கிழமை இருமல் மருந்து வாங்க வருவார். கத்பெர்ட் அளவு குறையாமல் கொடுப்பான்.

முதல் பெனால்டி நவம்பரில் வந்தது. மழை விட்டு, வாய்க்கால்களிலிருந்து மூடுபனி எழும்பிப் புல்லின் மேல் முழங்கால் உயரத்துக்கு நின்றது. டாக்டரின் கையில் பந்து பட்டுவிட்டது. கத்பெர்ட் வழக்கப்படி இடது கம்பத்தருகே போய் நின்று, கைகட்டி, சர்ச் கோபுரத்தைப் பார்த்தான். எதிரணிக்காரன் ஓடி வந்து உதைத்தான்.

உதைத்த சத்தத்துக்குப் பின்னால் இன்னொரு சத்தம் கேட்டது. தோல் பந்து உள்ளங்கையில் அறைந்து நிற்கிற சத்தம்.

அந்தச் சத்தத்தை எங்கே கேட்டாலும் கத்பெர்ட்டுக்குத் தெரியும். கொல்லைப்புறச் சுவரோரம் சிறு வயது முழுக்க அவன் உதைத்தான், ரோலண்ட் பிடித்தான். திரும்பிப் பார்த்தான். காலி கோலுக்குள் யாரும் இல்லை. பந்து கோட்டுக்கு இந்தப் பக்கம் அசையாமல் கிடந்தது. வக்கீல் ஓடிவந்து அதை வெளியே உதைத்துத் தள்ளினார்.

சேறு பிடித்து நிறுத்திவிட்டது என்றார்கள். எல்லோரும் தலையாட்டினார்கள். ஆனால் ஆட்டம் முடிந்து பந்தைக் கையில் எடுத்துப் பார்த்தவன் கத்பெர்ட். முழுதும் நனைந்து கனத்த பந்தில், இரண்டு பக்கமும் உள்ளங்கை அகலத்துக்கு ஈரமே இல்லை. வின்டர்கிரீன் என்கிற வலித் தைலத்தின் வாசனை வேறு அடித்தது. ரோலண்ட் ஆட்டத்துக்கு முன்னால் தோளில் தேய்த்துக்கொள்கிற, கடையிலேயே கலக்கிய தைலம். கலக்கியவன் கத்பெர்ட்தான். தன் கை வாசனையாக இருக்கும் என்று சொல்லிக்கொண்டான். அன்று காலை அவன் தைலம் தொடவில்லை என்பது அவனுக்கு நன்றாகவே நினைவிருந்தது.

இரண்டாவது பெனால்டியில் பந்து மேல்கம்பத்துக்கு அடியில் புகப்போய், யாரோ விரல் நுனியால் தட்டியதுபோல மேலே எழும்பித் தாண்டிப் போனது. காற்று என்று யாரோ சொல்லத் தொடங்கி, பாதியில் நிறுத்திக்கொண்டார்கள். அன்று புகைபோக்கிகளின் புகை நெட்டுக்குத்தலாக நின்றது. மூன்றாவது முறை கத்பெர்ட் கம்பத்தை நோக்கி நடந்ததுமே வேலி ஓரத்தில் ஆண்கள் தொப்பியைக் கழற்றிவிட்டார்கள். பந்து நின்றபோது கைதட்டல் இல்லை. கேதர்கோல் மட்டும், தனக்குத்தானே பேசுவதுபோல, "ஆசைப்பட்டது கெடச்சிடிச்சு அவனுக்கு," என்றார்.

அடுத்த சனிக்கிழமை அம்மா மைதானத்துக்கு வந்தாள். கையில் மடக்கு முக்காலி, பின்னல் வேலை. கத்பெர்ட்டின் கோல் வலைக்குப் பின்னால் முக்காலியைப் போட்டு உட்கார்ந்தாள். இடைவேளைக்குப் பிறகு பக்கம் மாறியபோது, முக்காலியைத் தூக்கிக்கொண்டு மைதானத்தைச் சுற்றி நடந்து மறுபக்கக் கோலுக்குப் பின்னால் வந்தாள்.

அவனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அம்மா தன் ஆட்டத்தைப் பார்க்க வந்திருக்கிறாள். அன்று அவன் வழக்கத்தைவிட நன்றாகவே ஆடினான். ஒரு தடவை நீட்டி விழுந்து கம்பத்தோரம் போன பந்தைப் பிடித்துவிட்டுத் திரும்பிப் பார்த்தான். அம்மா குனிந்து பின்னலின் கண்ணிகளை எண்ணிக்கொண்டிருந்தாள். கடைசியில் ஒரு பெனால்டி வந்தது. அவன் கம்பத்தோரம் போய் நின்றான். அப்போதுதான் ஊசிகள் நின்றன. அவள் தலை நிமிர்ந்தது. அந்த முகத்தை ரோலண்ட் போனபிறகு அவன் பார்த்ததில்லை.

வீட்டுக்குப் போகும் வழியில் கேட்டான். "ஒனக்கு என்னம்மா தெரியுது அங்க?"

"ஒண்ணும் தெரியல. பந்து நிக்குது. நின்னா அவன் இருக்கான்னு அர்த்தம்."

"நானும் இன்னைக்கு ஒண்ணு புடிச்சேன். பாத்தியா?"

"அப்பிடியா?" என்றாள் அம்மா. "நல்லது."

அன்றிலிருந்து கத்பெர்ட்டுக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. தான் பிடிக்கிற ஒரு பந்தையாவது அம்மா நிமிர்ந்து பார்க்க வேண்டும். செத்துப்போன அண்ணனோடு போட்டி போடுவது அவனுக்கே வெட்கமாக இருந்தது. ஆனாலும் போட்டியை விட முடியவில்லை.

ஊருக்கு வேறு கணக்கு. காலி கோலில் பந்து புகாது என்று தெரிந்துவிட்ட பிறகு கனவான்களின் கால்கள் என்னவோ தடுமாறத் தொடங்கின. முன்பெல்லாம் வருஷத்துக்கு மூன்று நான்கு வந்தால் அதிகம் என்றிருந்த பெனால்டி, இப்போது வாரந்தவறாமல் வந்தது. கோலை நெருங்குகிறவன் யாராக இருந்தாலும் வக்கீலின் முழங்கை தற்செயலாக அவன் விலாவில் இருக்கும். பாதிரியாரின் பூட்ஸ் தற்செயலாக அவன் கணுக்காலில் இருக்கும். இடறிவிட்டு, கையை விரித்து, "மன்னிக்கணும், தெரியாம நடந்துடுச்சு," என்பார். பிறகு, "விலகிக்கோங்க ஐலிங்," என்பார். ஞாயிற்றுக்கிழமை அதே வாயால் பிரசங்கம் நடக்கும். அவர் கெட்ட மனிதர் இல்லை. வழக்கத்தை மீறவில்லை என்று உண்மையிலேயே நம்பினார், அதுதான் வேடிக்கை. எதிரணிகள் மிரண்டன. சிலர் பெனால்டியை வேண்டுமென்றே வெளியே அடித்துவிட்டு, கோலைத் திரும்பிப் பார்க்காமல் ஓடினார்கள்.

வாண்டரர்ஸ் முதல் முறையாக மாவட்டக் கோப்பை இறுதி ஆட்டத்துக்குப் போனது. நடக்க வேண்டிய மைதானம் வெள்ளத்தில் கிடந்ததால் ஆட்டம் ஹோல்மர்ஷிலேயே நடந்தது. எதிரணி ரயில்வே பட்டறை. மதியத்திலிருந்தே பனி இறங்கி, கடைசியில் மறுகோடிக் கோலே தெரியவில்லை. வாண்டரர்ஸ் ஒரு கோல் முன்னால் இருந்தது. முடிகிற நேரம். ஏமஸ் பிரண்டில் பந்தோடு தனியாக வந்தான். பின்னால் ஓடிவந்த ஃபென்னிமோர் காலை நீட்டி அவனை வாரிவிட்டார். இந்தத் தடவை மன்னிப்புகூடக் கேட்கவில்லை, மூச்சு வாங்கியது. நடுவர் பெனால்டி கொடுத்தார்.

ரயில்வே அணிக்குப் பெனால்டி அடிப்பவன் ஏமஸ்தான். அவன் பந்தை வைத்துவிட்டு நிமிர்ந்தான். முகத்தில் ரத்தமே இல்லை. கத்பெர்ட் கம்பத்தை நோக்கிப் போகத் திரும்பியபோது, ஏமஸ் கிட்டே வந்தான்.

"போகாதீங்கய்யா," என்றான். "நீங்க நில்லுங்க. அவரு நிக்கறப்போ நான் எப்பிடி அடிப்பேன்? ஒரு தடவை அடிச்சதே இன்னும் தூங்க விடல. உயிரோட இருக்கற ஆளு நில்லுங்க, புண்ணியமாப் போவும்."

கோல்கீப்பராகக் கத்பெர்ட்டை நிற்கச் சொல்லி ஒருவன் கெஞ்சுவது அதுதான் முதல் தடவை. அம்மாவின் மகனாக அல்ல, ரோலண்டின் தம்பியாக அல்ல. அவன் திரும்பி வந்து கோலின் நடுவில் நின்றான்.

"ஐலிங்," என்றார் ஃபென்னிமோர். "விலகுங்க. நம்ம வழக்கம்."

"அது தெரியாம செஞ்ச தப்புக்கு கேப்டன். நீங்க பாத்துத்தான கால் போட்டீங்க."

கூட்டத்தில் முணுமுணுப்பு எழுந்தது. யாரோ ரோலண்டுக்கு இடம் விடச் சொல்லிக் கத்தினார்கள். வலைக்குப் பின்னால் முக்காலி சாயும் சத்தம் கேட்டது. அம்மா எழுந்து நின்றிருக்கிறாள்.

அப்போதுதான் அவனுக்குப் பக்கத்தில் ஆள் இருப்பது உறைத்தது. தைல வாசனை மூக்கில் ஏறியது. வலது தோளோடு ஒரு தோள் உரசிக்கொண்டு நின்றது, ஆற்றுத் தண்ணீரில் கிடந்த கல்லின் குளிர்ச்சி. காதருகே மூச்சு. ரோலண்ட் ஆவலாக இருக்கும்போது விடுகிற சின்னச் சின்ன மூச்சு. கத்பெர்ட்டுக்குப் பயமாக இருந்தது. பயத்தைவிட அதிகமாக அழுகை வந்தது, ஏனென்றால் அண்ணனை அவனுக்கும் பிடிக்கும், அதை இதுவரை யாரும் கேட்டதில்லை.

"நவுந்துக்கோ ரோலண்ட்," என்றான் உதடு அசையாமல். "ஒரே ஒரு தடவை."

மூச்சு நின்றது. தோளில் இருந்த குளிர் விலகியது. இடது கம்பத்தோரம், அவன் எப்போதும் கைகட்டி நிற்கிற இடத்தில், பனி கொஞ்சம் ஒதுங்கி ஓர் ஆள் அகலத்துக்கு இடம் விட்டதை அவன் ஓரக்கண்ணால் பார்த்தான். பிறகு அங்கேயும் பனி மூடிக்கொண்டது. வாசனை போய்விட்டது. கோலில் அவன் தனியாக நின்றான்.

ஏமஸ் ஓடி வந்து உதைத்தான். கத்பெர்ட் அவன் தோளைப் பார்த்தான், வலப்பக்கம் என்று தெரிந்தது, பாய்ந்தான். பந்து விரல்களில் அறைந்து வெளியே போனது. சுண்டுவிரல் ஒடிந்தது அவனுக்கே கேட்டது. வலியில் கண் இருண்டபோதும், இது என் விரல், இது என்னுடைய வலி என்று மனசு குதித்தது. பிறகு கடைசி விசில்.

கூட்டம் வேலியைத் தாண்டி உள்ளே வந்தது. "ரோலண்ட்! ரோலண்ட்!" என்று கத்திக்கொண்டே வந்தது. கேதர்கோல் காலிக் கோலுக்குள் போய் நின்று கும்பிடாத குறையாகத் தொப்பியைக் கழற்றினார். ஏமஸ் மட்டும் கூட்டத்துக்குள் புகுந்து வந்து கத்பெர்ட்டின் நல்ல கையைப் பிடித்துக் குலுக்கினான்.

அன்று மாலை கடை உள்ளறையில் அம்மா அவன் விரலுக்குக் கட்டுப் போட்டாள். அவள் கன்னம் சிவந்திருந்தது. பல வருஷம் இளையவளாகத் தெரிந்தாள்.

"எப்பிடிப் புடிச்சான் பாத்தியா," என்றாள். "நீ குறுக்க நின்னும்."

கத்பெர்ட் கட்டுப் போட்ட விரலைப் பார்த்தான். "அம்மா, வெரல் ஒடிஞ்சது எனக்கு."

"நடுவுல போய் நின்னா ஒடியாதா? இனிமே அவனுக்கு வழி விட்டு நில்லு," என்றாள், துணியின் முனையை இறுக்கிக்கொண்டே. குரலில் கோபமே இல்லை.

அடுத்த பருவத்தில் முதல் பெனால்டி வந்தபோது அவன் வழி விட்டு நின்றான். அவனுக்கு முன்னமே தெரிந்ததுதான் நடந்தது. பந்து காலி கோலுக்குள் புகுந்து வலையில் விழுந்தது. அம்மா வெகுநேரம் வலையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு முக்காலியை மடக்கினாள். அன்று ராத்திரி சாப்பிடவில்லை, அடுத்த நாள் சர்ச்சுக்குப் போகவில்லை. அதற்கடுத்த தடவையும் புகுந்தது. அவள் கடைக்கு வருவதையே நிறுத்திக்கொண்டாள்.

கத்பெர்ட் ஃபென்னிமோரிடம் போய், இனிமேல் பெனால்டிக்குத் தான் நிற்கப்போவதாகச் சொன்னான். கோப்பை ஆட்டத்துக்குப் பிறகு பாதிரியார் அவன் கண்ணைப் பார்த்துப் பேசுவதில்லை. "ஒங்க இஷ்டம்," என்றார். அவ்வளவு பெரிய வழக்கம் அத்தோடு முடிந்தது.

அம்மாவை அவனே கையைப் பிடித்து அழைத்து வந்து முக்காலியில் உட்காரவைத்தான். போய் நின்றான். சிலதைப் பிடித்தான், பலதை விட்டான். பிடித்தால் ரோலண்ட், விட்டால் கத்பெர்ட். அம்மா திரும்பவும் சாப்பிட்டாள், கடைக்கு வந்தாள், வந்தவர்களிடம் சனிக்கிழமை ரோலண்ட் பிடித்ததைப் பற்றிப் பேசினாள். ஊரும் அவளோடு சேர்ந்து தலையாட்டியது. கத்பெர்ட் கல்லாவில் நிற்கப் பழகினான். கிழவிகளைச் சிரிக்கவைக்கவும் பழகினான், அது கடினமாக இல்லை. தைலத்தைத் தோளில் தேய்த்துக்கொள்ளத் தொடங்கியது எப்போது என்று அவனுக்கே நினைவில்லை. சட்டையும் எப்படியோ தோளுக்குச் சரியாகிவிட்டது.

யுத்தம் வந்தது. ஃபென்னிமோர் பட்டாளத்துப் பாதிரியாராகப் போய்த் திரும்பவில்லை. கத்பெர்ட் படை ஆஸ்பத்திரியில் மருந்து கலந்தான், முழு உடம்போடு திரும்பினான். மைதானத்தில் உருளைக்கிழங்கு போட்டிருந்தார்கள். அவன் பிறகு ஆடவில்லை. கல்யாணமும் செய்துகொள்ளவில்லை. கேட்டவர்களிடம் நேரமில்லை என்பான், ரோலண்ட் சிரிக்கிற மாதிரிச் சிரித்துக்கொண்டு.

அம்மா படுக்கையில் விழுந்தது அதற்குப் பல வருஷம் கழித்து. ஒரு சந்தை நாள் மதியம், கீழே ஆடுகளின் சத்தமும் ஏலக்காரர்களின் சத்தமும் ஜன்னல் வழியே வந்துகொண்டிருந்தபோது, அவள் கண் திறந்து அவன் கையைத் தேடிப் பிடித்தாள். கோணலாகச் சேர்ந்த சுண்டுவிரலைத் தடவினாள்.

"ரோலண்ட்," என்றாள்.

"சொல்லும்மா."

"தம்பி எங்கடா? ரொம்ப நாளா கண்ணுலயே படல அவன்."

அவன் அறையைச் சுற்றிப் பார்த்தான், உண்மையிலேயே தேடுகிறவனைப்போல. கதவோரம், அலமாரியோரம், ஜன்னலோரம்.

"இங்கதாம்மா இருக்கான்," என்றான். "ஓரமா நிக்கறான்."

அம்மா நிம்மதியாகத் தலையாட்டினாள். "நிக்கட்டும்," என்றாள். "அவன் நல்ல புள்ள. சொன்னா நவுந்துக்குவான்."